பறக்கத் தெரியாத பறவை



ஐந்து நிமிடப் படம் ஒன்றைப் பற்றி இன்று சிந்திப்போம். ஜெர்மன் இயக்குநர் ஆண்ட்ரியாஸ் ஹைகடே 2014-இல் வெளியிட்ட 'நக்கெட்ஸ்' என்னும் அனிமேஷன் குறும்படம் அது. வசனமே கிடையாது. ஒரு கோடு, அதன்மேல் ஒரு கிவிப் பறவை நடந்து வருகிறது. வழியில் பொன்னிறத் துளி ஒன்று கிடக்கிறது. சுவைத்துப் பார்க்கிறது. பறக்கவே தெரியாத அந்தப் பறவை அந்தரத்தில் மிதக்கிறது! அடுத்த துளிக்கு ஓடுகிறது. போகப்போகப் பறப்பது குறைகிறது, விழும் அடி பலமாகிறது, திரை இருண்டுகொண்டே வருகிறது. ஆனாலும் துளி வேண்டியிருக்கிறது.

பாட்டிலில் அச்சிட்ட எச்சரிக்கையைப் படித்துக் குடியை விட்டவரை நாம் கண்டதில்லை. இந்தப் படமோ யாரையும் திட்டவில்லை. முதல் துளி இனித்தது என்பதையும் ஒளிக்கவில்லை. விரும்பாத தீமையையே செய்கிறேனே என்று பவுலடியார் உரோமையருக்குப் புலம்பி எழுதியதும் இதே நேர்மையோடுதான். நம் இளையோருக்கு இதைத் தாராளமாகக் காட்டலாம்.

ஆனால் ஒரு குறை உண்டு. படத்தில் பறவை தனியே விழுகிறது. நம் சாணார்பட்டியில் யாரும் தனியே விழுவதில்லை. சனிக்கிழமைக் கூலி வீடு வந்து சேருமா என்று காத்திருக்கும் மனைவியும், அப்பாவின் வண்டிச் சத்தம் கேட்டதும் புத்தகத்தை மூடும் பிள்ளையும் அதே கோட்டின்மேல்தான் நடக்கிறார்கள். அன்பியக் கூட்டத்தில் விசாரித்தால், "அவருக்கு உடம்புக்கு முடியல ஃபாதர்" என்பார்கள். யோசித்தால், அது பொய்யும் அல்ல.

டப்ளின் நகரத் தொழிலாளி மேட் டால்பட் 12 வயதிலேயே குடிக்கத் தொடங்கியவர். 1884-இல் காசில்லாமல் மதுக்கடை வாசலில் நின்றபோது, கூடக் குடித்த நண்பர்கள் கண்டுகொள்ளாமல் போனார்கள். வீடு திரும்பி அம்மாவிடம் சொல்லிவிட்டு, குருவிடம் போய் மூன்று மாதத்துக்கு மட்டும் உறுதி எடுத்தார். அது 41 ஆண்டுகள் நீண்டது. 1925-இல் திருப்பலிக்குப் போகும் வழியில் இறந்தார். 1975-இல் திருச்சபை அவரை வணக்கத்துக்குரியவர் என அறிவித்தது.

ஒன்று கவனியுங்கள். நெடுங்காலம் அதிகம் குடித்தவர் திடீரென்று நிறுத்தினால் வலிப்பும் மனக்குழப்பமும் வரலாம், உயிருக்கே ஆபத்து. வேளாங்கண்ணிக்கு மாலை போட்டுக் குடியை நிறுத்துமுன் மருத்துவரைப் பாருங்கள். போதை மறுவாழ்வு உதவிக்கு 14446 என்ற இலவசத் தொலைபேசி எண் இருக்கிறது. குடிப்பவரே பேச வேண்டும் என்பதில்லை. வீட்டில் இருப்பவர்களும் பேசலாம்.