படம் பிடிப்பதும் ஓர் அமானிதம்

(அறக்கட்டளையின் குடும்பச் சந்திப்பில் ஆற்றிய உரை)

 

நம் தெருவில் பழைய வீடுகள் ஒவ்வொன்றாக இடிபட்டு அடுக்குமாடிகளாகின்றன. அதற்குள் முதியவர்களின் நினைவுகளைக் கைப்பேசியில் படமாக்கி வைக்கலாம் என்று நம் இளைஞர்கள் கேட்டார்கள். மகிழ்ச்சியோடு சம்மதித்தோம்.

முதலில் போனது வாடகை வீட்டில் நாற்பது ஆண்டாக இருக்கும் ஒரு மூதாட்டியிடம். வீட்டைக் காலி செய்யச் சொல்லியிருந்தார்கள். “என்னைப் படம் புடிக்கிறீங்களே வாப்பா, நான் எங்கே போவேன்னு கேட்டீங்களா?” என்றார். பிள்ளைகள் கைப்பேசியை அணைத்துவிட்டு வந்துவிட்டார்கள்.

அந்தக் கேள்வி புதிதல்ல. அதற்காகவே ஆனந்த் பட்வர்தனின் ‘ஹமாரா ஷஹர்’ (நமது நகரம்) என்ற ஆவணப்படத்தை அவர்களோடு உட்கார்ந்து பார்த்தோம். 1985-இல் வெளிவந்த படம். பம்பாயின் நடைபாதையிலும் குடிசைகளிலும் வாழ்ந்த உழைப்பாளிகளைப் பற்றியது. குடிசை இடிபடும்போது ஒரு பெண் படம் எடுப்பவர்களிடமே கோபப்படுகிறார்: இதனால் உங்களுக்குப் பெயர் கிடைக்கும், எங்களுக்கு என்ன கிடைக்கும் என்பதே அவர் கேள்வி. இயக்குநர் அந்தக் காட்சியை வெட்டவில்லை.

மறு ஆண்டு, 1986-இல், அங்கே சஞ்சய் காந்தி நகர் என்ற குடிசைப் பகுதி இடிக்கப்பட்டது. பட்வர்தனும் நடிகை ஷபானா ஆஸ்மியும் அம்மக்களோடு உண்ணாவிரதம் உட்கார்ந்தார்கள். திண்டோஷியில் மாற்று இடம் கிடைத்தது. படம் எடுத்தவர் எடுத்ததோடு போய்விடவில்லை.

இன்னொன்றும் கவனியுங்கள். 1981 ஜூலை மழையில், நடைபாதைவாசிகளை அகற்றிச் சொந்த ஊருக்கே அனுப்ப மாநில அரசு முனைந்தது. வறட்சியால் வேலையிழந்து 1961-இல் சேலத்திலிருந்து போன ஒருவரும் குடிசை இழந்து, சேலம் பஸ்ஸில் ஏற்றப்பட்டார். அவரும் வழக்காடினார். ஓல்கா டெல்லிஸ் வழக்கு என்று அறியப்படும் அதில், பிழைப்புக்கான உரிமை உயிர்வாழும் உரிமையில் அடங்கும் என்று 1985-இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. ஆயினும் முறைப்படி அறிவிப்புக் கொடுத்து அகற்றலாம் என்றது. மாற்று இடம் தரச் சொன்னது, 1976 கணக்கெடுப்பில் பதிவானவர்களுக்கு. பதிவு இருந்தவருக்கும் இல்லாதவருக்கும் எவ்வளவு வித்தியாசம் பாருங்கள்!

இதைப் பார்த்தபின் பிள்ளைகள் அந்த மூதாட்டியிடம் மறுபடி போனார்கள், கைப்பேசியை வெளியே எடுக்காமல். தகரப் பெட்டியிலிருந்த வாடகை ரசீதுகளையும் பழைய ரேஷன் அட்டையையும் தேதி வாரியாக அடுக்கி, நகல் எடுத்து, ஒரு வழக்கறிஞரிடம் அழைத்துப் போனார்கள். வீட்டு உரிமையாளரோடு பேச்சு இன்னும் முடியவில்லை. ஆனால் பத்து நாள் கழித்து அவரே ஆள் அனுப்பினார்: “இப்ப வந்து எடுங்க, சொல்றேன்.”

ஆகவே சில ஒழுங்குகளை வைத்துக்கொண்டோம். அனுமதி இல்லாமல் யாரையும், எந்த வீட்டின் உள்பக்கத்தையும் எடுப்பதில்லை. எடுத்ததை முதலில் அவர்களுக்கே காட்டுவோம். வேண்டாம் என்றால் அழித்துவிடுவோம். பெயர், இடம், தேதி எழுதி ஒரு பிரதியை அவர்கள் குடும்பத்திடம் கொடுப்போம். அவர்களுக்கு என்ன உதவி தேவை என்று கேட்காமல் எழுந்து வரமாட்டோம்.

ஒருவர் தம் வாழ்க்கையை நம் கையில் கொடுப்பது அமானிதம். உங்கள் வீட்டுப் பழைய ரசீதுகளையும் புகைப்படங்களையும் பத்திரப்படுத்துங்கள். பிள்ளைகள் வந்தால், மனமிருந்தால் பேசுங்கள். மனமில்லை என்றால் தயங்காமல் சொல்லுங்கள்.

வஸ்ஸலாம்.