பாம்பு உண்ட இளமை



கடலின் அடியில் ஒரு செடி. முள் நிறைந்தது, மணம் உடையது. உண்டவர்க்குக் கழிந்த காலத்தை மீட்டுத் தருவது. நரையும் திரையும் நீக்குவது. உலகின் மிகப் பழைய காப்பியங்களுள் ஒன்றாகிய கில்கமேஷ் காப்பியம் படைத்த கற்பனைச் செடி இது. அக்காதிய மொழியில் அதற்கு வழங்கிய பெயர், 'கிழவன் இளைஞனானான்' என்று பொருள்படும் முழு வாக்கியம். ஒரு செடிக்கு வாக்கியத்தையே பெயராகச் சூட்டிய புலவனின் துணிவைப் பாவலர்கள் எண்ணிப் பார்க்கலாம்.

களிமண் பலகைகளில் ஆப்பு வடிவ எழுத்தால் பொறிக்கப்பெற்ற காப்பியம் அது. இன்றைய ஈராக்கில் உள்ள நினிவேயில், கி.மு. ஏழாம் நூற்றாண்டு மன்னன் அசூர்பனிபாலின் நூலகத்திலிருந்து கிடைத்த பலகைகளைப் படித்தறிந்த ஜார்ஜ் ஸ்மித், 1872-இல் இலண்டன் அவையொன்றில் அச்செய்தியை வெளியிட்டார். பதினோராம் பலகையில் இருந்த பெருவெள்ளக் கதையே அன்று பேசப்பட்டது. அதே பலகையின் பிற்பகுதியில்தான் இச்செடி இருக்கிறது.

கில்கமேஷ் உருக் நகரின் மன்னன். உயிர்த்தோழன் எங்கிடு இறந்தபோது, பிணத்தின் மூக்கிலிருந்து புழு விழும்வரை அடக்கம் செய்ய ஒருப்படாமல் அருகிலேயே இருந்தவன். தனக்கும் இதுதானோ என்ற அச்சம் அவனை உலகின் விளிம்புவரை ஓட்டுகிறது. அங்கே சாவைக் கடந்து வாழும் உத்தநபிஷ்டியைக் காண்கிறான். ஆறு பகலும் ஏழு இரவும் உறங்காதிருக்க இயலுமா என்று முதியவர் கேட்கிறார். அமர்ந்த உடனே உறங்கிவிடுகிறான் மன்னன். முதியவரின் மனைவி நாளுக்கு ஓர் அப்பம் சுட்டுத் தலைமாட்டில் வைத்து வருகிறாள். எழுப்பப்பட்டவன், இப்போதுதான் சற்றுக் கண்ணயர்ந்ததாகச் சாதிக்கிறான். அப்பங்களை எண்ணச் சொல்கிறார் முதியவர். முதல் அப்பம் காய்ந்து கிடக்கிறது, இரண்டாவது தோல்போல் ஆகிவிட்டது, ஐந்தாவதில் பூஞ்சை படர்ந்துள்ளது, ஆறாவது புதியது, ஏழாவது இன்னும் தணலின்மேல் இருக்கிறது. காலத்தைக் காட்ட அப்புலவனுக்கு நாழிகை வட்டில் தேவைப்படவில்லை, அடுப்பே போதுமானதாயிற்று.

வந்தவனை வெறுங்கையோடு அனுப்பலாமா என்று அம்மூதாட்டி பரிந்து பேசிய பின்னரே செடியின் இருப்பிடம் சொல்லப்படுகிறது. கில்கமேஷ் கால்களில் பெருங்கற்களைக் கட்டிக்கொண்டு மூழ்குகிறான். முள் குத்தக் குத்தச் செடியைப் பறிக்கிறான். கற்களை அறுத்துவிட, கடல் அவனைக் கரையில் எறிகிறது. பாரசீக வளைகுடாவிலும் நம் மன்னார் வளைகுடாவிலும் முத்துக் குளித்தோரும் கல்லின் துணைகொண்டே மூழ்கினர். இதனால் அச்செடியை முத்து என்று கொள்வாரும் உளர். முத்துக்கு முள் ஏது? மணம் ஏது? மூழ்கும் முறை முத்துக் குளிப்போருடையதாகலாம், செடி புலவனுடையதே.

செடி கைக்கு வந்தபின் அவன் ஏன் உடனே உண்ணவில்லை? இங்கேதான் சிக்கல். 1960-இல் வெளிவந்த என்.கே. சாண்டர்ஸின் ஆங்கில உரைநடை வடிவில், ஊருக்குக் கொண்டுசென்று முதியோர்க்கு உண்ணக் கொடுப்பேன் என்கிறான். படிப்போர்க்கு அவன் வள்ளலாகத் தோன்றுகிறான். 1999-இல் ஆண்ட்ரூ ஜார்ஜ் வெளியிட்ட மொழிபெயர்ப்பிலோ, முதியவன் ஒருவனுக்குச் சிறிது ஊட்டிச் செடியைச் சோதித்துப் பார்ப்பேன் என்கிறான். தானும் உண்டு இளமை எய்தும் எண்ணம் இரண்டிலும் உண்டு. ஜார்ஜின் வடிவமே காப்பியப் போக்கிற்கு இயைந்தது. காப்பியத் தொடக்கத்தில் இம்மன்னனின் கொடுமை தாங்காமல் உருக் மக்களின் முறையீடு தெய்வங்களை எட்டுகிறது. அத்தகையவன் அஞ்சி அலைந்து பெற்ற ஒன்றை முதலில் பிறர்க்கு ஈவான் என்பதைவிட, பிறர் உடலில் சோதிப்பான் என்பதே பொருந்தும்.

தமிழ் படித்தவர்க்கு இவ்விடத்தில் அதியமான் நினைவுக்கு வராமல் இருக்க இயலாது. ஏறுதற்கரிய மலைப் பிளவில் பெற்ற நெல்லிக்கனியின் ஆற்றலைச் சொல்லாமல் தன்னுள் அடக்கி, ஒளவைக்கு ஈந்தான் அவன். புறநானூற்றின் 91-ஆம் பாடல் அவ்வடக்கத்தையே வியக்கிறது. கில்கமேஷோ செடியின் ஆற்றலையும் பெயரையும் படகோட்டி ஊர்ஷனபியிடம் உரக்கச் சொல்கிறான். அதே தொகையின் 182-ஆம் பாடல், அமிழ்தமே கிடைத்தாலும் தனித்து உண்ணாதவர்களால் உலகம் நிலைபெறுவதைச் சொல்வது. அதனைப் பாடியவன் பெயர் கடலுள் மாய்ந்த இளம்பெருவழுதி. கடலிலிருந்து மீண்ட மன்னன் ஐயுற, கடலில் மறைந்தவன் ஐயமின்றிப் பாடியிருப்பது விந்தைதான். இதனால் பாபிலோனியப் புலவன் தாழ்ந்துவிடவில்லை. ஐயுறும் மனிதனைப் பாடுவதே அவன் நோக்கம்.

வழியில் குளிர்ந்த குளம் ஒன்றில் கில்கமேஷ் நீராட இறங்குகிறான். மணத்தை மோந்து வந்த பாம்பு செடியைக் கவ்விச் செல்கிறது. செல்லும்போதே தோலை உரித்துப் போடுகிறது. 'மண்ணின் அரிமா' என்று பொருள்படும் தொடரால் அதைச் சுட்டுகிறது காப்பியம். செடி மெய்யானது என்பதற்கு அவன் வேண்டிய சோதனை, அவன் கண்முன் அவ்வாறு நிறைவேறிவிடுகிறது. அமர்ந்து அழுகிறான்.

பின் படகோட்டியுடன் உருக் வந்து சேர்கிறான். மதிலின்மேல் ஏறி நடந்து அதன் செங்கற்களைப் பார்க்குமாறு அவனிடம் கூறுகிறான். செடியைப் பற்றிப் பேச்சே இல்லை. அதனை முதலில் உண்டிருக்க வேண்டிய உருக் நகரத்துக் கிழவனுக்குக் காப்பியம் பெயரிடவும் இல்லை.