வீட்டுக் கடன்: மொத்தம் எவ்வளவு?

(கமுந்திங் தொழிலாளர் கூட்டத்தில் ஆற்றிய உரை)

பால்மரம் சீவும் தோழர்களே, கிராணிமார்களே!

தோட்டத்து வேலை முடிந்தால் தோட்டத்து வீடும் நமக்கில்லை. ஆகவே கமுந்திங்கிலோ தைப்பிங்கிலோ சொந்த வீடு தேடுகிறோம். நியாயமான ஆசைதான். ஆனால், "மாதம் எவ்வளவு?" என்று கேட்டதும் கையெழுத்துப் போட்டுவிடுகிறோமே, மொத்தம் எவ்வளவு என்று யார் கேட்டோம்?

200,000 வெள்ளிக் கடன், வட்டி நூற்றுக்கு நாலரை, தவணைக் காலம் 35 ஆண்டு என்று வையுங்கள். மாதம் சுமார் 947 வெள்ளி. முதல் மாதத்தில் அதில் 750 வெள்ளி வட்டிக்கே போய்விடும். கடனில் கழிவது 197தான்! கடைசியில் கட்டி முடிப்பது சுமார் 397,500 வெள்ளி. 20 ஆண்டென்றால் மொத்தம் 303,700தான். ஆனால் மாதம் 1,265 வேண்டும், நம் சம்பளம் தாங்காது. சரி, மாதம் 100 வெள்ளி கூட்டிக் கட்டுங்கள். சுமார் 28 ஆண்டில் கடன் தீரும். 45,000 வெள்ளி மிஞ்சும். அந்த நூறை முன்தவணையாக வைக்காமல் முதலில் கழிக்கும்படி வங்கியிடம் எழுத்தில் கேளுங்கள்.

வட்டியும் நிலையாக நிற்பதில்லை. 2022 மே முதல் 2023 மே வரை பேங்க் நெகாரா தன் வட்டியை 1.75லிருந்து 3 விழுக்காட்டுக்கு ஏற்றியது. மேலே சொன்ன கடனில் வட்டி நூற்றுக்கு ஒன்று ஏறினால், மாதத் தவணை 127 வெள்ளி கூடும்.

கையெழுத்துப் போடுமுன், பொடி எழுத்துப் பக்கங்களையும் சேர்த்துச் சங்கக் காரியாலயத்துக்குக் கொண்டு வாருங்கள். கிராணிமார் கூட்டிக் காட்டுவார்கள்.