நிருபர் கேட்ட கேள்விக்கு மீம் பதில் இல்லை

(குன்னூர் ஐ.டி. விங் பயிற்சி முகாமில் நம் தன்னார்வலர் ஒருவர் பேசியது. பலர் கேட்டதால் எழுத்து வடிவில்.)

எனக்குக் கொடுத்த தலைப்பு ட்ரெண்டிங் செய்வது எப்படி. அதை மதியச் சாப்பாட்டுக்கு அப்புறம் பார்ப்போம். அதுக்கு முன்னாடி ஒரு விஷயம் மனசுல உறுத்துது.

போன வாரம் நம்ம கூட்டத்துல உள்ளூர் நிருபர் ஒருத்தர் எழுந்து, "பச்சைத் தேயிலைக்கு நியாயமான விலை வாங்கித் தருவோம்னு சொல்றீங்களே, எப்படி?"ன்னு கேட்டார். மேடையில பதில் இல்லை. அன்னைக்கு ராத்திரியே அவர் போட்டோவை வெச்சு, 'விலை போன பேனா'ன்னு மீம் வந்துச்சு. அதுல ரெண்டு நான் செஞ்சது.

இந்த ஊர்ல பாதி வீட்டுல நடக்கிற பேச்சே கொழுந்து விலைதான். அதைத்தான் அவர் கேட்டார். இதுல என்ன சதி?

நம்ம மாநிலத்துல ஆட்சிக்கும் பத்திரிகைக்கும் நடந்த கதையைக் கொஞ்சம் பாருங்க. 1987-ல ஆனந்த விகடன் அட்டையில எம்.எல்.ஏ.க்களையும் மந்திரிகளையும் கிண்டல் பண்ணி ஒரு ஜோக். அவ்வளவுதான். ஆசிரியர் பாலசுப்ரமணியனுக்கு சட்டமன்றம் 3 மாதம் கடுங்காவல் விதிச்சது. நாடு முழுக்க எதிர்ப்பு கிளம்ப, சில நாள்லயே விடுதலை பண்ண வேண்டியதாச்சு. அவர் அதோட விடலை. கோர்ட்டுக்குப் போய் ஜெயிச்சு, இழப்பீடா வந்த 1,000 ரூபாயை ஃப்ரேம் போட்டு மாட்டிவெச்சார். அந்த ஜோக்கை அப்படியே விட்டிருந்தா அடுத்த வாரமே எல்லாரும் மறந்திருப்பாங்க. இன்னைக்கு நான் மைக் பிடிச்சு சொல்லிட்டிருக்கேன்!

2003 நவம்பர் 7. 'தி இந்து' பத்திரிகையைச் சேர்ந்த 5 பேருக்கும், அதன் தலையங்கத்தைத் தமிழ்ல போட்ட முரசொலியின் ஆசிரியர் செல்வத்துக்கும் 15 நாள் சிறைன்னு சட்டமன்றத் தீர்மானம். போலீஸ் இந்து ஆபீஸுக்கே போச்சு. 3 நாள்ல உச்ச நீதிமன்றம் தடை போட்டது.

உடனே "அது அவங்க ஆட்சி"ன்னு கார்டு டிசைன் பண்ண ஆரம்பிக்காதீங்க. அவதூறு வழக்கு இங்க மாறி மாறி எல்லாரும் எடுத்த ஆயுதம்தான். நாளைக்கு நாம வந்தா எடுக்க மாட்டோம்னு இந்த மீமைப் பார்த்தவங்க நம்புவாங்களா?

அமெரிக்காவுலயும் இதே கதை. நிக்சன், பிடிக்காத பத்திரிகையாளர்கள் பேரை எதிரிகள் பட்டியல்லயே சேர்த்து வெச்சிருந்தார். வியட்நாம் போர் ரகசிய ஆவணங்கள் வெளிவராம தடுக்க 1971-ல கோர்ட்டுக்குப் போய்த் தோத்தார். 1974-ல வாட்டர்கேட்டால பதவியே போச்சு. ஆனா நம்ம வேலைக்கு நெருக்கமானது 2023 ஜூன்ல நடந்ததுதான். வெள்ளை மாளிகையில பிரதமர் மோடிகிட்ட சிறுபான்மையினர் உரிமை பத்தி வால் ஸ்ட்ரீட் ஜர்னல் நிருபர் ஒரு கேள்வி கேட்டார். பிரதமர் பதில் சொல்லிட்டார், விஷயம் அங்கேயே முடிஞ்சது. ஆன்லைன்ல அந்தப் பெண்ணோட மதம், பூர்வீகம்னு தோண்டித் தாக்குனாங்க. கடைசியில வெள்ளை மாளிகையே அதைக் கண்டிச்சது. உலகம் பேசினது எதை? பிரதமரோட பதிலையா, அந்தத் தாக்குதலையா?

அங்க சட்டமன்றமும் போலீஸும் பண்ணின வேலையை இப்ப ஒரு ஆண்ட்ராய்டு போனை வெச்சு நாம பண்றோம். சம்பளம் கூட இல்லாம!

பத்திரிகை தப்பே பண்ணாதுன்னு சொல்லலை. காசு வாங்கிப் போடுற செய்தியும் இருக்கு. தப்பா எழுதினா ஆதாரத்தோட மறுப்பு போடுங்க, நானே டிசைன் பண்ணித் தரேன். ஆளோட முகத்தை, சாதியை, வீட்டுப் பொம்பளைங்களை இழுக்கக் கூடாது.

நான் செஞ்ச ரெண்டையும் நேத்தே டெலீட் பண்ணிட்டேன். மத்தது இன்னும் கூடலூர், கோத்தகிரி குரூப்ல சுத்துது. யார் யார் போட்டீங்களோ இன்னைக்கு ராத்திரிக்குள்ள எடுத்துடுங்க. பச்சைத் தேயிலை விலைக்கு நம்ம பதில் என்னன்னு மாவட்ட நிர்வாகிகள் எழுதிக் கொடுங்க. அதை முதல்ல அந்த நிருபருக்கு அனுப்புவோம், அப்புறம் பேஜ்ல போடுவோம்.