டாக்கா வாலிபரின் கண்ணீரும் கவிதையும்

(வாலிபர் கூட்டமொன்றில் நிகழ்த்திய பேச்சின் சுருக்கம்)



"போலீஸ் சுட்டு மாண்டவர்களுக்காக ஊர்வலம் போகலாம், கண்டனக் கூட்டம் போடலாம், கவிதை எழுதி என்ன ஆகப் போகிறது?" என்று நம்மில் சிலர் கேட்கிறார்கள். நாமும் ஒரு காலத்தில் அப்படி நினைத்தவர்கள்தான். ஆனால், இழவு வீட்டிலே நம் பெண்கள் வைக்கும் ஒப்பாரியைக் கேளுங்கள். போனவனை நினைத்து அழுவதோடு நிற்கிறார்களா? அவனைப் படுத்தியவர்களையும் சேர்த்தல்லவா ஏசுகிறார்கள்! துக்கம் வாய் திறந்தால் நியாயம் கேட்கும். இதற்கு டாக்கா நகரமே சாட்சி.

இன்றைய வங்கதேசம் அன்று பாகிஸ்தானின் கிழக்குப் பகுதி. உருது ஒன்றே ஆட்சிமொழி என்றது சர்க்கார். வங்காளி மொழிக்கும் அந்த இடம் வேண்டும் என்று 1952 பிப்ரவரி 21 அன்று மாணவர்கள் 144 தடையை மீறினார்கள். மருத்துவக் கல்லூரி விடுதி அருகே போலீஸ் சுட்டது. பர்கத், ரஃபீக், ஜப்பார் முதலானோர் மாண்டார்கள்.

தலையில் குண்டு பாய்ந்து கிடந்த ரஃபீக்கின் உடலைக் கல்லூரி மாணவர் அப்துல் கஃபார் சௌத்ரி கண்டார். தன் உடன்பிறந்தானே கிடப்பதாக அவருக்குத் தோன்றிற்று. அந்த வேதனை கவிதையாயிற்று, பிறகு பாட்டாயிற்று. ஆண்டுதோறும் பிப்ரவரி 21 விடியற்காலையில் மக்கள் வெறுங்காலோடு பாடிச் செல்வது அந்தப் பாட்டைத்தான்.

சிட்டகாங்கில் அம்மை கண்டு படுத்திருந்தார் மஹ்பூபுல் ஆலம் சௌத்ரி. வயது 24. செய்தி எட்டியதும், படுக்கையிலிருந்தே அவர் சொல்லச் சொல்ல எழுதி, இரவோடிரவாக அச்சுக்குக் கொடுத்தார்கள். போலீஸ் அச்சகத்தைச் சோதனையிட்டது. கோத்த எழுத்துக்களை மறைத்துக் காப்பாற்றியவர்கள் யார்? அச்சகத் தொழிலாளர்கள்! கொன்றவர்களுக்குத் தண்டனை கேட்ட அந்தக் கவிதை பொதுக்கூட்டத்தில் முழங்கியது. சர்க்கார் அதைத் தடை செய்தது.

மாணவர்கள் ஓரிரவில் எழுப்பிய நினைவுச் சின்னத்தை பிப்ரவரி 26 அன்று போலீஸ் இடித்துத் தள்ளியது. 19 வயது அலாவுதீன் அல் ஆசாத் அந்த இடிப்பையே கவிதையாக்கினார். செங்கல்லை இடிக்கலாம், மனப்பாடமாகிவிட்ட கவிதையை எந்தக் கடப்பாரையால் இடிப்பது?

கவிதை மட்டுமே வென்றது என்று நாம் சொல்லவில்லை. வேலைநிறுத்தம், ஊர்வலம், சிறை எல்லாம் சேர்ந்துதான் 1956 அரசியல் சட்டத்தில் வங்காளிக்கு இடம் வாங்கித் தந்தன. ஆனால், ஆளுக்கொரு மூலையில் அழுதிருக்க வேண்டிய பிள்ளைகளை ஒரே குரலாக்கியது கவிதை.

வாலிபத் தோழர்களே, எழுதுங்கள்! எழுதியதைப் பெட்டிக்குள் பூட்டாதீர்கள். ஆலை வாசலிலே, களத்துமேட்டிலே படியுங்கள். பெரியவர்களே, படிக்கும் பிள்ளைக்குத் தொண்டை அடைத்தால் எழுந்து போய்விடாதீர்கள். அவன் படித்து முடிக்கும்வரை உடன் உட்கார்ந்திருங்கள். அதுவும் நம் சங்க வேலைதான்.