நகைச்சுவையும் நாடாள்வோரும்

குறிகட்டுவான் இறங்குதுறையில் நெடுந்தீவுப் படகுக்குக் காத்திருப்போரிடையே அரசியற் பேச்சுக்குக் குறைவில்லை. அரசாங்கத்தின் ஆணையும் அரிசி மூடையும் கடல்வழியே வந்து சேரவேண்டிய ஊர் நெடுந்தீவு. 1947 முதல் 1989 வரை ஊர்காவற்றுறை தனித் தேர்தல் தொகுதியாக விளங்கிற்று. அத்தொகுதியிலே நெடுந்தீவுக்கும் நயினாதீவுக்கும் வாக்குக் கேட்கச் செல்பவர் படகேறியே தீரவேண்டும். அலை எழும்போது வேட்பாளர் பற்றும் கயிற்றையே வாக்காளரும் பற்றுகின்றார். அதிகாரத்தை நோக்கி அச்சமின்றிச் சிரிக்கும் துணிவு இத்தகைய சமநிலையிலேதான் பிறக்கின்றது.

நேயர்களே, இச்சிரிப்பு படகோடு நின்றுவிட வேண்டுமா? அன்றி, பொது ஒலிபரப்பிலும் தொலைக்காட்சியிலும் அதற்கு இடமுண்டா?

பிரித்தானியாவில் இவ்வினா 1962 நவம்பரில் எழுந்தது. பி.பி.சி. தொலைக்காட்சி, சென்ற வாரத்து நடப்புகளை எள்ளி நகையாடும் நிகழ்ச்சியொன்றைச் சனிக்கிழமை இரவுகளில் தொடங்கிற்று. டேவிட் ஃப்ரொஸ்ட் அதனை வழங்கினார். பிரதமரும் அமைச்சரும் அதன் கேலிக்குத் தப்பவில்லை. மக்கள் பெருந்தொகையினராய்க் கண்டு மகிழ்ந்தனர். ஆயின், 1964 தேர்தல் ஆண்டு. நடுநிலை கெடலாகாது என்று கூறி 1963 டிசம்பரில் நிகழ்ச்சி நிறுத்தப்பட்டது. வெளிச்சம் மிக வேண்டிய வேளையில் விளக்கு அணைக்கப்பட்டது.

இலங்கையில் அக்காலத்தில் தொலைக்காட்சி இல்லை. ரூபவாகினி 1982 இலேதான் வந்தது. தமிழரிடையே அப்பணியைக் கேலிச்சித்திரம் செய்தது. கரவெட்டியில் பிறந்த சி. சிவஞானசுந்தரம் 'தினகரன்' பத்திரிகையில் சவாரித்தம்பரைப் படைத்தார். 1960களில் 'சிரித்திரன்' சஞ்சிகையை நிறுவினார். நாடாள்வோரை மாத்திரம் அவர் நகையாடவில்லை. சொந்தச் சமூகத்தின் போலிப் பகட்டையும் சிரிப்புக்கு இலக்காக்கினார். தன் வீட்டுக் குப்பையை முதலிற் கூட்டியவர் ஆதலின், அயல்வீட்டுக் குப்பையைச் சுட்டும் தகுதி அவருக்கு இருந்தது.

பொது ஒலிபரப்பு நிலையங்கள் கற்கவேண்டிய பாடம் இதுவே. நடுநிலை என்பது வாய்மூடியிருத்தல் அன்று. எல்லாக் கட்சியினரையும் ஒரே தராசில் நிறுத்துதலாகும். எளியோரை இகழும் சிரிப்பு நகைச்சுவையாகாது, அது கொடுமை. வலியோரின் பொய்யை வெளிப்படுத்தும் சிரிப்போ குடிமக்களுக்குக் காவல்.

நெடுந்தீவுப் படகிலே தேர்தற் காலத்திலும் சிரிப்பு நிற்பதில்லை. மக்கள் பணத்தில் நடைபெறும் நிலையங்களுக்கு அப்படகின் துணிவேனும் வேண்டாமா?