முன்ஜென்மத்தை யார் ஞாபகம் வைத்திருப்பது?



இண்டைக்கு ஒரு மசாலாப் படத்தைப் பற்றித்தான் கதைக்கப் போறன். கே. வி. ஆனந்த் இயக்கி, தனுஷ் நடித்து 2015 பெப்ரவரியில் வந்த 'அனேகன்'. 'டங்கா மாரி' பாட்டுக்கு இங்க ஆடாத ஆக்கள் குறைவு எண்டு நினைக்கிறன்.

கதை தெரிந்ததுதான். மது என்ற பெண்ணுக்கு முற்பிறவிகள் ஞாபகத்துக்கு வருகின்றன. ஒவ்வொரு பிறவியிலும் அதே காதலன், ஒவ்வொரு பிறவியிலும் சாவு. அது உண்மையான நினைவா, அல்லது வேலைத்திறனைக் கூட்டவென்று கம்பனி ஊழியர்களுக்குக் கொடுத்த மருந்தின் விளைவா? படம் இரண்டுக்கும் நடுவில் நிற்குது.

முதல் பிறவி 1962 பர்மா. அவன் தமிழ்க் கூலித் தொழிலாளி. அவள் பர்மிய அதிகார வர்க்கத்து வீட்டுப் பெண். இராணுவம் ஆட்சியைப் பிடிக்க, தமிழர் கப்பலேற வேண்டி வருகிறது. பிறகு ஒரு பிறவி எண்பதுகளின் வியாசர்பாடியில். பர்மாவையும் வியாசர்பாடியையும் இணைப்பது விதி எண்டு படம் சொல்லுது. ஆனால் அந்த இரண்டு இடத்தையும் இணைக்கிற உண்மையான வழி ஒண்டு இருக்கு. பர்மாவில் இருந்து துரத்தப்பட்ட குடும்பங்கள் பல, சென்னையில் குடியேற்றப்பட்ட இடங்களில் வியாசர்பாடியும் ஒன்று. அதற்கு மறுபிறவி தேவையில்லை. ஒரே மனுசர் ஒரே பிறவியிலேயே கடந்த தூரம் அது.

1962 மார்ச் 2 அன்று நே வின் ஆட்சியைப் பிடித்தார். அடுத்த இரண்டு வருசத்தில் வங்கிகளும் கடைகளும் அரசுடைமையாகின. 1964இல் 50, 100 கியாத் நோட்டுகள் செல்லாதென்று அறிவிக்கப்பட்டன. ஏறத்தாழ 3 லட்சம் இந்திய வம்சாவளியினர் வெளியேறினர். சென்னையின் பர்மா பஜார் அப்படித்தான் உருவானது. இந்தியாவில் இருந்து கால்நடையாகத் திரும்பிப் போகப் பார்த்து எல்லையில் தடுக்கப்பட்ட சிலர், மணிப்பூரின் மோரேயிலேயே தங்கிவிட்டார்கள்.

இதை 'தமிழன் எங்கயும் அடிவாங்கினான்' எண்டு மட்டும் சொல்லி முடிக்கக் கூடாது. 1930களின் பெருமந்தத்தில், கடன் கட்ட முடியாத பர்மிய விவசாயிகளின் நிலம் செட்டியார்களின் கைக்குப் போனது. கீழ்ப்பர்மாவின் முக்கிய நெல் மாவட்டங்களில் அது கிட்டத்தட்டக் கால்பங்கு. வட்டிக்காரர் மேல் இருந்த கோபத்தை ஆட்சியாளர்கள் கூலிகள் மேலும் சிறுகடைக்காரர் மேலும் திருப்பிவிட்டார்கள். பணம் வைத்திருந்த பலர் நேரத்தோடு வெளியேறிவிட்டார்கள். கடைசியாகக் கப்பலுக்குக் காத்து நின்றது மற்றவர்கள்தான். காதல் கதைக்குள் இந்த வித்தியாசம் காணாமல் போகுது. ஞாபகம் வருவது போலவே மறதியும் வேலை செய்யுது.

சரி, மறுபிறவிப் படங்கள் எல்லாம் பிற்போக்கா? நான் அப்படி நினைக்கேல்லை. 1958இல் வந்த 'மதுமதி' ஹிந்திப் படத்தின் கதையை எழுதியவர் ரித்விக் கட்டக். பிரிவினையில் கிழக்கு வங்காளத்தை இழந்தவர், கம்யூனிஸ்ட். மதுமதியாக நடித்தவர் எங்கட வைஜயந்திமாலா. பணக்கார நிலவுடைமையாளனால் மலைவாழ் பெண் ஒருத்தி சாகிறாள். ஸ்ரீதரின் 'நெஞ்சம் மறப்பதில்லை' 1963இல் வந்தது. அதிலே ஏழைப் பெண்ணை மகன் காதலிக்கிறதைப் பொறுக்காத ஜமீன்தார், நம்பியார், நூறு வயது தாண்டியும் வன்மத்தோடு காத்திருக்கிறார். இந்தக் கதைகளில் முற்பிறவிக் குற்றம் வர்க்கக் குற்றம். இந்தப் பிறவியில் கோர்ட்டிலே நியாயம் கிடைக்காது எண்டு தெரிந்த சனங்களின் கற்பனை அது. அதனால்தான் இறந்தவள் திரும்பி வந்து சாட்சி சொல்ல வேண்டியிருக்கு.

டொரொண்டோவில் இருந்து இதைக் கதைக்கிறதுக்குக் காரணம் இருக்கு. இங்க பிறந்த எங்களுக்கு, அம்மா அப்பாவின் ஊர் வாழ்க்கையே ஒரு முன்ஜென்மம் மாதிரி. 1983, 2009 என்ற இரண்டு பிளாஷ்பேக் திரும்பத் திரும்ப ஓடுது. அவை ஓட வேண்டும். அதில் வேற கருத்து இல்லை. ஆனால் 1948 ஏன் ஓடுறதில்லை? அந்த ஆண்டின் குடியுரிமைச் சட்டம் மலையகத் தமிழரை நாடற்றவர் ஆக்கியது. 1964 ஒக்டோபரில் சிறிமாவோ–சாஸ்திரி ஒப்பந்தம் 5,25,000 பேரை இந்தியாவுக்கு எண்டும், 3 லட்சம் பேரை இலங்கைக்கு எண்டும் பங்கு பிரித்தது. அவர்களிடம் யாரும் கேட்கவில்லை. பர்மாவில் இருந்து ஆக்கள் வந்து இறங்கிக்கொண்டிருந்த அதே காலம் அது.

1977 வன்முறைக்குப் பிறகு மலையகத்தில் இருந்து வன்னிக்கு வந்த குடும்பங்கள் பல. மற்றவர்களின் காணிகளில் கூலி வேலை செய்தவர்கள் அவர்களில் இருந்தார்கள். 2009 வரை அந்த மண்ணில் வாழ்ந்தவர்களில் அவர்களும் அடக்கம். மே 18இல் நாங்கள் விளக்கேற்றும்போது அவர்கள் எந்தப் பெயரில் நினைக்கப்படுகிறார்கள்?

வீட்டில் பெரியாக்களோட கதைக்கும்போது ஊர், கோயில், கிணறு பற்றி மட்டும் கேளாதீங்கோ. இன்னும் மூன்று கேள்வி கேளுங்கோ. காணி யாருடையது? அதில் வேலை செய்தது யார்? அவர்கள் உங்கட வீட்டுக்குள் வந்து தண்ணி குடித்தார்களா? பதில் வரேல்லை எண்டால் அந்த மௌனத்தையும் எழுதி வையுங்கோ. சாட்சிகள் இன்னும் உயிரோட இருக்கினம். அவர்கள் மறுபடி பிறந்து வந்து சொல்லட்டும் எண்டு நாங்கள் காத்திருக்கத் தேவையில்லை.

இனி உங்கட கேள்விகள்.